கோப்பையில் எத்தனை மில்லிகிராம்?

மெத்தடோன் ஜெர்மனியில் பிறந்த மருந்து. 1930களின் கடைசியில் வலி நிவாரணியாக அதைச் செய்தார்கள். ஹெராயினில் சிக்கியவருக்கு அதையே தினசரி மருந்தாகக் கொடுத்தால் மனிதர் எழுந்து வேலைக்குப் போவார் என்று காட்டியது நியூயார்க். ராக்ஃபெல்லர் நிறுவனத்தில் உடல் பருமனை ஆராய்ந்துகொண்டிருந்த டாக்டர் வின்சென்ட் டோல், போதை நோயாளிகளோடு நீண்டகாலம் பழகிய மனநல மருத்துவர் மேரி நைஸ்வாண்டரைத் தன்னோடு சேர்த்துக்கொண்டார். 1965 ஆகஸ்டில், 22 நோயாளிகளைப் பற்றிய அவர்கள் கட்டுரை அமெரிக்க மருத்துவச் சங்க இதழில் வந்தது. அதே ஆண்டில் இருவரும் கல்யாணமும் செய்துகொண்டார்கள்.

அந்தக் கட்டுரைக்கு நிறையத் துணிச்சல் வேண்டியிருந்தது. போதைக்கு அடிமையானவருக்கு அந்தப் பழக்கம் தொடர மருந்து எழுதிக் கொடுப்பது மருத்துவமே அல்ல என்று 1919-லேயே அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது. நகரங்களில் இருந்த கிளினிக்குகளையும் அடுத்த சில வருஷங்களில் மூடிவிட்டார்கள். 1935-ல் கென்டக்கி மாநிலத்து லெக்சிங்டனில் பாதி ஆஸ்பத்திரி, பாதி ஜெயிலாக ஓர் இடத்தைத் திறந்தார்கள். நைஸ்வாண்டர் வேலை கற்றது அங்கேதான். வெளியே வந்தவர்களில் பெரும்பாலோர் மறுபடி ஊசிக்கே போனதையும் அவர் பார்த்தார்.

டோல் கொடுத்த அளவு பெரும்பாலும் நாளொன்றுக்கு 80 முதல் 120 மில்லிகிராம். அந்த அளவில் ஹெராயின் போட்டாலும் ஏறாது; ஏங்கவும் வைக்காது. பாதி அளவு கொடுத்தால் பலருக்கு நாள் முழுவதும் தாங்காது. மருந்தின் சூட்சுமம் அவ்வளவுதான்.

1971-ல் நிக்சன் அரசு போதை ஒழிப்புக்கென்று தனி அலுவலகம் திறந்து, சிகாகோவில் மெத்தடோன் திட்டம் நடத்திய டாக்டர் ஜெரோம் ஜாஃபியை அதன் தலைவராக்கியது. பணம் வந்தது, கிளினிக்குகள் பெருகின, 1972-ல் விதிமுறைகளும் வந்தன. எத்தனை முறை சிறுநீர்ப் பரிசோதனை, யாருக்கு எத்தனை நாள் மருந்தைக் கையில் கொடுத்தனுப்பலாம் என்று எல்லாவற்றுக்கும் காகிதம். முதல் கட்டுரை வெளிவந்து பத்து வருஷம் கழித்துத் திரும்பிப் பார்த்த டோலே, தன் சிகிச்சையை அலுவலக நடைமுறை விழுங்கிவிட்டதாக வருத்தப்பட்டு எழுதினார்.

நான் பார்மசிஸ்டாக வேலைக்குச் சேர்ந்தது எண்பதுகளில், நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதிக் கிளினிக் ஒன்றில். காலை ஆறு மணிக்கே வரிசை நிற்கும். மருந்தை ஆரஞ்சுப் பானத்தில் கலந்து கண்ணாடி ஜன்னல் வழியே நீட்டுவோம். எதிரிலேயே குடிக்க வேண்டும். குடித்ததும் நர்ஸ் ஏதாவது பேச்சுக் கொடுப்பார். வாயில் அடக்கி வெளியே கொண்டுபோய் விற்காமல் இருக்கத்தான் அந்த விசாரிப்பு. கோப்பையில் எத்தனை மில்லிகிராம் என்று குடிப்பவருக்குச் சொல்லக்கூடாது என்பது எங்கள் இடத்துச் சட்டம். கட்டிட வேலைக்குப் போகும் ஒருவர், “இது ராத்திரி வரை தாங்கவில்லை, கொஞ்சம் ஏற்றிக் கொடுங்கள்” என்று கவுன்சலரிடம் கேட்பார். “உனக்குக் கிறுகிறுப்பு வேண்டும், அதுதானே?” என்பது பதில். எங்கள் உச்சவரம்பு 50. அது எந்த ஆராய்ச்சியில் வந்த எண் என்று கேட்டால், “இங்கே வழக்கம்” என்பார்கள்.

இந்த “இங்கே வழக்கம்” என்பதைத்தான் தாமஸ் டி'ஆனோ தன் ஆராய்ச்சிப் பொருளாக எடுத்துக்கொண்டார். அவர் டாக்டர் அல்ல. நிறுவனங்கள் எப்படி நடந்துகொள்கின்றன என்று படித்தவர், சுகாதார நிர்வாகப் பேராசிரியர். நிர்வாகப் படிப்பு என்றாலே உதட்டைப் பிதுக்கும் டாக்டர்கள் நிறைய உண்டு. நானும் அந்தப் பக்கம்தான் இருந்தேன். 1991-ல் வெளிவந்த அவருடைய கூட்டுக் கட்டுரை ஒன்று, போதை சிகிச்சைக்கு இறங்கிய மனநல மையங்கள் எப்படி இரண்டு எஜமானர்களுக்கு நடுவே மாட்டிக்கொண்டன என்று காட்டியது. ஒருபக்கம் பட்டம் பெற்ற மனநலப் பணியாளர்களின் முறை. மறுபக்கம், தாமே போதையிலிருந்து மீண்டவர்கள் நடத்தும், மருந்தே கூடாது என்னும் முறை. ஆதரவு எங்கிருந்து வருகிறதோ அதற்கேற்ப இரண்டையும் கலந்துகொண்டார்கள்.

பிறகு மெத்தடோன் கிளினிக்குகளுக்கு வந்தார். நாடெங்கும் உள்ள இயக்குநர்களையும் மேற்பார்வையாளர்களையும் சில வருஷங்களுக்கு ஒருமுறை தொலைபேசியில் பிடித்து, அளவு என்ன, யார் முடிவு செய்கிறார்கள் என்று கேட்டுக் குறித்தார்கள். ஹெரால்டு போலாக் என்ற ஆய்வாளருடன் சேர்ந்து 2002-ல் அவர் வெளியிட்ட முடிவு இது: பரிந்துரைத்த 60 மில்லிகிராமுக்குக் கீழே வாங்கியவர்கள் 1988-ல் 79.5 சதவீதம், 2000-ல் 35.5 சதவீதம். எங்கள் ஜன்னல் மட்டும் விதிவிலக்கில்லை என்று அந்த எண்ணைப் பார்த்தபோதுதான் உறைத்தது. கறுப்பின நோயாளிகள் அதிகம் வரும் இடங்களில் அளவு குறைவாக இருந்தது. மருத்துவமனைத் தர அங்கீகாரம் பெற்ற இடங்களில் போதுமான அளவு கிடைத்தது. மருந்தில்லாமலே மீள வேண்டும் என்று நம்பும் மேலாளர் இருந்தால் அளவு இறங்கியது. நோயாளியின் உடம்பு ஒன்றுதான். தெரு மாறினால் கோப்பை மாறியது.

2001-ல் கண்காணிப்புப் பொறுப்பு மருந்துக் கட்டுப்பாட்டுத் துறையிடமிருந்து போதை சிகிச்சைக்கான தனித் துறைக்குப் போனது, அங்கீகாரம் கட்டாயமானது. 2024-ல் விதிகள் இன்னும் தளர்ந்தன. முதல் நாளே 50 மில்லிகிராம் வரை கொடுக்கலாம். ஒரு மாதம் ஒழுங்காக வந்தவருக்கு 28 நாள் மருந்தைக் கையில் கொடுத்தனுப்பலாம். எங்கள் இடத்தில் உச்சவரம்பாக இருந்த எண் இப்போது ஆரம்ப எண்!

தெருமுனை மருந்துக்கடை விஷயம்தான் அப்படியே இருக்கிறது. முதுகுவலிக்கென்று டாக்டர் சீட்டு எழுதினால் அமெரிக்காவின் எந்தக் கடையிலும் பார்மசிஸ்ட் மெத்தடோன் கொடுக்கலாம். ஹெராயினை விடுவதற்கென்றால் அதே மாத்திரையை, அதே சீட்டின் பேரில், கொடுக்க முடியாது. உரிமம் பெற்ற கிளினிக்குக்குத்தான் போக வேண்டும். பிரிட்டனிலும் கனடாவிலும் ஆஸ்திரேலியாவிலும் சாதாரணக் கடைக்காரர்கள் பல வருஷங்களாக இந்த வேலையைச் செய்துவருகிறார்கள். எங்கள் தொழில்காரர்களை ஏன் நம்பவில்லை என்பதற்கு எனக்கு இதுவரை யாரும் ஒழுங்கான காரணம் சொன்னதில்லை.