துடிப்பின் பிறப்பிடம்

மடமை திருநீறு பூசும், தீச்சட்டி ஏந்தும், நல்ல நேரம் குறித்துக் கொடுக்கும் என்பதை நாம் அறிவோம். அதே மடமை வெள்ளை அங்கி அணிந்து, கழுத்திலே ஸ்டெதாஸ்கோப்பை மாட்டிக் கொண்டு, மருத்துவமனைக்குள்ளும் உலவும் என்பதை அறிந்தவர் சிலரே. அப்படி உலவிய ஒரு மடமையின் வரலாறு இது. மருத்துவத்தைப் பழிப்பதற்காக இதைக் கூற வரவில்லை. அறிவியல் தன் வீட்டுக்குள்ளே புகுந்த பொய்யைத் தானே பிடித்து, தானே வெளியேற்றிய விதத்தைக் கூறுவதே நோக்கம்.

இருதயம் ஓயாது துடிக்கிறதே, அந்தத் துடிப்பு எங்கே பிறக்கிறது? "ஆண்டவன் கட்டளை" என்று கூறி அமர்ந்துவிட்டது பழமை. ஆராய்ச்சி அமரவில்லை, அறுத்துப் பார்த்தது. 1893ல் வில்ஹெல்ம் ஹிஸ், மேலறைகளையும் கீழறைகளையும் இணைக்கும் தசைக்கற்றையைக் கண்டறிந்தார். 1906ல் ஜெர்மனியின் மார்பர்க் நகரிலே பணியாற்றிய ஜப்பானிய அறிஞர் சுனாவோ தவாரா, அந்தக் கற்றையின் தொடக்கத்திலே உள்ள கணுவைக் கண்டு, வழி முழுவதையும் விளக்கினார். வலது மேலறையிலே எழும் மின் துடிப்பு கணுவை அடைந்து, கற்றை வழி இறங்கி, இரு கிளைகளாகப் பிரிந்து, கீழறைகள் இரண்டையும் ஏறத்தாழ ஒரே நேரத்தில் எழுப்புகிறது. அமைக்கப்பட்ட பெருவழி அது. ஆகவே பயணம் விரைவாக முடிகிறது.

அந்த மின்சாரத்தை உடலைக் கீறாமலே பதிவு செய்ய முடியும் என்பதை, 1887ல் லண்டனில் அகஸ்டஸ் வாலர் காட்டினார். ஆயினும் மருத்துவமனைக்கு அது பெரிதும் பயன்படும் என்று அவரே கருதவில்லை! ஜாவாத் தீவிலே பிறந்து, ஹாலந்து நாட்டு லெய்டன் நகரிலே பேராசிரியராக இருந்த வில்லம் ஐந்தோவன், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நுண்ணிய இழை கொண்ட கருவியொன்றை அமைத்தார். ஏறத்தாழ 270 கிலோ எடை. இயக்குவதற்கு ஐந்து பேர். நோயாளியோ கைகளையும் காலையும் உப்பு நீரிலே அமிழ்த்தி அமர்ந்திருக்க வேண்டும். அந்தப் பூதாகரமான பொறி வரைந்த கோடுதான், இன்று சிற்றூர் மருத்துவமனையிலும் எடுக்கப்படுகிற இ.சி.ஜி. 1924ல் நோபல் பரிசு ஐந்தோவனைத் தேடி வந்தது.

அந்தக் காகிதத்திலே சிறு கட்டம் ஒன்றுக்கு 0.04 வினாடி. கீழறைகள் எழும்போது தோன்றும் கூரிய அலையை க்யூ.ஆர்.எஸ். என்பர். பெருவழியிலே வந்த துடிப்பானால் அந்த அலை ஒடுக்கமாக இருக்கும். மூன்று கட்ட அளவை, அதாவது 0.12 வினாடியை எட்டினாலோ மிஞ்சினாலோ, அது அகன்ற அலை. அகன்ற அலைகள் நிமிடத்திற்கு நூறுக்கு மேல் அணிவகுத்து வருமானால், அபாய மணி அடித்துவிட்டது என்று பொருள்.

அலை ஏன் அகலுகிறது? காரணம் மூன்று. துடிப்பு கீழறையிலேயே பிறந்து, பெருவழியை விட்டு, தசைக்குத் தசை தாவி மெல்லப் பரவியிருக்கலாம். அல்லது மேலே பிறந்து முறையாக இறங்கி, ஒரு கிளை அடைபட்டிருந்ததால் சுற்றி வந்திருக்கலாம். அல்லது பிறவியிலேயே அமைந்துவிட்ட ஒரு குறுக்குவழியிலே புகுந்து வந்திருக்கலாம். தோற்றம் ஏறக்குறைய ஒன்று. ஆபத்தோ வேறு வேறு. மனிதனைப் பார்த்து "நீ எங்கே பிறந்தவன்?" என்று கேட்பது மடமை. துடிப்பைப் பார்த்து அந்தக் கேள்வியைக் கேட்காமல் விடுவது அதைவிடப் பெரிய மடமை! மணிக்கட்டிலே நாடி பிடிப்பவர் விரலுக்கு வேகம் தெரியும், பிறப்பிடம் தெரியாது.

1909ல் லண்டன் மருத்துவ மேதை தாமஸ் லூயிஸ், கீழறையிலே அடுத்தடுத்துப் பிறக்கும் துடிப்புகளின் வரைபடத்தை வெளியிட்டார். 1921ல் ராபின்சன், ஹெர்மன் எனும் அமெரிக்க மருத்துவர் இருவர், இத்தகைய மிகைத்துடிப்புக்கும் இருதயத்தின் இரத்தக்குழாய் அடைபடுவதற்கும் உள்ள தொடர்பை எடுத்துக் காட்டினர். கீழறை மிகைத்துடிப்பு என்றால் கொடியது, உயிருக்கே உலை வைக்கக் கூடியது என்ற உண்மை நிலைபெற்றது.

அதை அடையாளம் காணும் சான்றுகளும் கிடைத்தன. கீழறை தன் போக்கிலே ஓடும்போது, மேலறை தன் பழைய தாளத்திலேயே தனியே துடித்துக் கொண்டிருக்கும்: ஒரே இருதயத்தில் இரட்டையாட்சி! சில வேளைகளில் மேலறையின் துடிப்பு எப்படியோ தப்பி இறங்கி, கீழறையை ஒரு கணம் கைப்பற்றி, அகன்ற அலைகளுக்கு நடுவே ஒடுங்கிய அலை ஒன்றை வரைந்து விடும். இரண்டும் மோதிக் கலந்தால், இரண்டின் சாயலும் கொண்ட கலப்பலை தோன்றும். 1952ல் டிரெஸ்லரும் ரோஸ்லரும் இதனை விளக்கினர். ஆனால் இந்தச் சான்றுகள் எல்லா வரைபடத்திலும் கண்ணுக்குப் படுவதில்லை.

சான்று தெரியாத இடத்திலேதானே மடமை குடியேறும்! குடியேறியது. "கீழறை மிகைத்துடிப்பு கொடியது. கொடிய நோய் கண்டவர் மயங்கி விழ வேண்டும். இதோ, இவர் எழுந்து உட்கார்ந்து பேசுகிறார். இரத்த அழுத்தமும் குறையவில்லை. ஆகவே இது கீழறைத் துடிப்பு அன்று" என்று வாதம் நடந்தது. நஞ்சு கொல்லும், இவர் இன்னும் சாகவில்லை, ஆகவே இவர் குடித்தது நஞ்சு அன்று என்று கூறுவதற்கும் இதற்கும் வேற்றுமை என்ன? காகிதத்தைப் படிக்க வேண்டியவர் முகத்தைப் படித்தார்!

விளைவு, வெறும் வாதத்தோடு நிற்கவில்லை. மேலறைவழி மிகைத்துடிப்பை அடக்குவதற்கு வெராப்பமில் எனும் ஊசி மருந்து அந்நாளிலே புகழ் பெற்றிருந்தது. ஒடுங்கிய அலைக்கு அது நன்மருந்து. ஆனால் குழாய்களைத் தளர்த்தி, இருதயத் தசையின் வலிமையையும் குறைப்பது அதன் இயல்பு. கீழறைத் துடிப்போடு போராடிக் கொண்டிருக்கும் நலிந்த இருதயத்திலே அதைச் செலுத்தினால் என்ன ஆகும்? 1987ல் பக்ஸ்டனும் குழுவினரும் வெளியிட்ட கணக்கு விடை கூறிற்று. கீழறை மிகைத்துடிப்புக்கு அந்த ஊசி போடப்பட்ட 25 பேரில் 11 பேருக்கு, இரத்த அழுத்தம் கடுமையாகச் சரிந்தது, அல்லது நினைவே தப்பியது. உட்கார்ந்து பேசிக் கொண்டிருந்தவரை வீழ்த்தியது நோய் மட்டுமன்று, ஆராயாத நம்பிக்கையும்தான்.

பொய்யை வீழ்த்தியது எது? மந்திரமா, மகானா? இல்லை. மெல்லிய கம்பிக்குழல்! இரத்தநாளத்தின் வழியே அதை இருதயத்துக்குள்ளேயே செலுத்தி, துடிப்பு பிறக்குமிடத்தை நேரிலே பதிவு செய்யும் முறை 1960களின் இறுதியில் வளர்ந்தது. உள்ளே கண்ட உண்மையையும் வெளியே வரைந்த கோட்டையும் அருகருகே வைத்து ஒப்பிட்டனர். 1978ல் ஹாலந்து நாட்டு ஹெய்ன் வெல்லென்ஸும் உடனுழைத்தோரும், அலையின் அகலம், அச்சின் திசை, வடிவம், இரட்டையாட்சி ஆகியவற்றை வைத்துப் பிறப்பிடத்தைக் காணும் வழியை வகுத்தனர். நோயாளியின் நிலை நன்றாயிருப்பதை வைத்து முடிவு கட்டும் வழக்கத்தை, பரவிக்கிடக்கும் தவறான எண்ணம் என்றே 1985ல் மொராடி குழுவினர் கண்டித்தெழுதினர். 1988ல் அக்தர் குழுவினர், அகன்ற அலை மிகைத்துடிப்புடைய 150 பேரைச் சோதித்தனர். 122 பேரிடம் கண்டது கீழறைத் துடிப்பே!

1991ல் பெட்ரோ புருகாடாவும் துணைவர்களும் 554 மிகைத்துடிப்புகளை ஆராய்ந்து, நான்கே கேள்விகளில் விடை காணும் படிமுறையை அளித்தனர். பின்னர் பிறர் சோதித்தபோது, அத்துணை வெற்றி எல்லோர் கையிலும் கிட்டவில்லை. அதையும் மறைக்காமல் எழுதினர். 2008ல் ஹங்கேரியின் வெரெக்கெய், பன்னிரண்டு பதிவுகளில் ஒன்றை மட்டுமே கொண்டு புதுமுறை கூறினார். அதுவும் சோதனைக்கு உள்ளாயிற்று. வேதம் என்றால் திருத்துவது பாவம். அறிவியல் என்றால் திருத்தாதிருப்பதே பாவம்.

இத்தனை ஆராய்ச்சியும் இன்று ஓர் எளிய விதியிலே வந்து நிற்கிறது: அகன்ற அலை மிகைத்துடிப்பைக் கண்டால், வேறென்று மெய்ப்பிக்கப்படும் வரை, அதைக் கீழறைத் துடிப்பென்றே கொள்க. தெரியாததைத் தெரிந்தது போலப் பேசாமல், தவறினாலும் உயிர் தப்பும் பக்கத்திலே நிற்கும் அறிவு இது. நோயாளி தளர்ந்தாலோ, காலம் கடத்தாமல், துடிப்போடு இசைவித்த மின்னதிர்ச்சி கொடுக்கின்றனர். 1962ல் அந்த முறையை உலகுக்கு அளித்த பெர்னார்டு லவுன், பின்னாளில் அணுகுண்டை எதிர்த்து மருத்துவர்களைத் திரட்டினார். அவர் இணைந்து நிறுவிய அமைப்பு 1985ல் அமைதிக்கான நோபல் பரிசைப் பெற்றது.

இளைஞர்களே! "படித்தவர் கூறினார், பெரியவர் கூறினார், பலகாலமாகக் கூறுகின்றனர்" என்பவை சான்றாகா. கோவில் வாசலில் மட்டுமன்று, கல்லூரி வாசலிலும் "எப்படித் தெரியும்?" என்று கேளுங்கள். அந்தக் கேள்வி கேட்கப்படாத காலத்தில் ஊசி முனையிலே மனிதர்கள் சாய்ந்தனர். அது கேட்கப்பட்ட பிறகு, அதே நோயோடு வந்தவர்கள் பிழைத்து வீடு திரும்புகின்றனர்.