மலாய்த் திரையின் தமிழ் இயக்குநர்

மலாய்த் திரைப்படம் என்றவுடன் நம் நினைவில் எழும் பெயர் பி. ரம்லி. அக்கலைஞரைக் கதாநாயகனாக முதன்முதலில் திரையில் நிறுத்தியவர் ஒரு தமிழர் என்பதை அறிந்தோர் சிலரே. அவர் எல். கிருஷ்ணன். 1922ஆம் ஆண்டு சென்னையில் பிறந்து, பினாங்கில் வளர்ந்தவர்.

மலாய்ப் படத்தொழிலுக்குத் தொடக்கத்தில் இயக்குநர்கள் இந்தியாவிலிருந்தே வரவழைக்கப்பட்டனர். 1930களில் சிங்கப்பூரில் 'லைலா மஜ்னுன்' படத்தை இயக்கிய பி. எஸ். ராஜ்ஹான்ஸ் அவர்களுள் முன்னோடி. போருக்குப் பின் ஷா சகோதரர்கள் சிங்கப்பூர் ஜாலான் அம்பாஸில் நடத்திய படப்பிடிப்புக் கூடத்தில் இந்திய இயக்குநர்களின் செல்வாக்கே மேலோங்கியிருந்தது. பாட்டும் கண்ணீரும் நிறைந்த இந்தியப் படங்களின் போக்கு மலாய்ப் படங்களிலும் குடிபுகுந்தது.

இதனைக் குறையாகக் கூறுவோர் உளர். மலாய் மக்களின் வாழ்வையும் மொழியையும் அறியாதோர் அவர்தம் கதையை எவ்வாறு சொல்ல இயலும் என்பது அவர்கள் எழுப்பும் வினா. அது நியாயமான வினாவே. ஆயினும், கிருஷ்ணனை அக்கணக்கில் சேர்த்தல் பொருந்தாது. பினாங்கு மண்ணில் வளர்ந்த அவருக்கு மலாய் அயல்மொழியன்று.

1948இல் வெளிவந்த ராஜ்ஹான்ஸின் 'சிந்தா' படத்தில் ரம்லி வில்லனாகவே அறிமுகமானார். ஈராண்டுகளுக்குப் பின், 1950இல், கிருஷ்ணன் இயக்கிய 'பக்தி' அவரைக் கதாநாயகனாக்கியது. அழகனுக்கே நாயகன் வேடம் என்னும் அக்கால வழக்கத்தை மீறிய துணிவு அது. அதே ஆண்டில் 'தக்டிர் இலாஹி', 1951இல் 'பெங்கிடுப்பான்' ஆகிய படங்களும் அவர் இயக்கத்தில் வெளிவந்தன.

1953இல் தோன்றிய கேத்தே கெரிஸ் நிறுவனத்திற்காக அவர் 1955இல் 'செலாமட் திங்கல் கெக்காசிக்கு' படத்தை இயக்கினார். 1958இல் ஒரு சுவையான போட்டி நிகழ்ந்தது. எண்ணெய் பூசிய பேயுருவமான 'ஓராங் மிஞ்ஞாக்' பற்றிய நாட்டார் கதையைக் கிருஷ்ணன் கேத்தே கெரிஸுக்காகப் படமாக்கினார். அதே ஆண்டில் அதே உருவத்தை வைத்து, ஷா நிறுவனத்தில் இயக்குநராக உயர்ந்துவிட்ட ரம்லி 'சும்பா ஓராங் மிஞ்ஞாக்' படத்தை உருவாக்கினார். அன்று நாயகனாக்கப்பட்டவரே இன்று எதிரணியின் இயக்குநர்!

ஜொகூர் வாசகர்க்கு மற்றொரு செய்தியும் உரியது. 1699இல் கோத்தா திங்கியில் சுல்தான் மாமூட் கொலையுண்ட வரலாற்றை 1961இல் திரைக்குக் கொணர்ந்தவர் கே. எம். பாஸ்கர் என்னும் இந்திய இயக்குநரே. இம்மண்ணின் கதையும் நம்மவர் கையால் திரையேறியுள்ளது.

1963ஆம் ஆண்டில் சிங்கப்பூரிலும், பின்னர் கோலாலம்பூரிலும் தொலைக்காட்சி ஒளிபரப்புத் தொடங்கியது. 1967இல் ஜாலான் அம்பாஸ் கூடம் மூடப்பட்டது. கூட்டத்தைத் திரையரங்கிலிருந்து ஈர்த்த அதே தொலைக்காட்சி, பழைய மலாய்ப் படங்களை வீடுதோறும் கொண்டு சேர்த்து வாழவைத்தது என்பது காலத்தின் விளையாட்டு.

திரையில் தெரிந்த முகம் நினைவில் நின்றது. திரைக்குப் பின் நின்ற கை மறக்கப்பட்டது. இந்நாட்டில் தமிழர் ஆற்றிய பணியைத் தோட்டத்தோடும் இருப்புப் பாதையோடும் நிறுத்திக்கொள்ளுதல் அரைகுறைக் கணக்காகும். நாட்டின் பொதுக்கலையை உருவாக்கியதிலும் அவர்க்குப் பங்குண்டு. அதனைப் பதிவு செய்தல் பெருமைக்காக மட்டுமன்று. வரலாறு முழுமை பெறுதற்கும் ஆகும்.