மைக் டெஸ்டிங்... ஒன்... டூ... த்ரீ...

போன மாசம் ஒன்றரை மணி நேர மௌனத்தை ரொம்பத் தரமா ரெக்கார்டு பண்ணினேன் மக்களே. இரைச்சல் இல்லை, எதிரொலி இல்லை, சுத்தமான மௌனம். சிரிக்காதீங்க, எனக்கு அன்னிக்கு அழுகைதான் வந்தது.

விஷயம் இதுதான். என் தாய்மாமா, அம்மாவோட தம்பி, கோவில்பட்டி பக்கம் இருபத்தஞ்சு வருஷத்துக்கு மேல மைக் செட் வெச்சிருந்தவர். கல்யாணம், காதுகுத்து, சடங்கு, கோயில் கொடை, கட்சிக் கூட்டம் எல்லாத்துக்கும் சவுக்குக் கம்பத்துல குழாய் கட்டினவர். இப்ப வயசு 78. கண் ஆபரேஷனுக்காக எங்க வீட்டுல பத்து நாள் தங்கியிருந்தார். சாயங்காலம் ஆனா மைக் செட் கதையா வரும். இதையெல்லாம் அவர் குரல்லயே சேர்த்து வைக்கணும்னு எனக்கு ரொம்ப நாள் ஆசை.

என்கிட்ட ஒரு யூ.எஸ்.பி. மைக் இருக்கு. வாங்கி நாலு வருஷம், ஒரு தடவை கூட மக்கர் பண்ணினதில்லை. மேசையில வெச்சு, சொருகினேன். பச்சை லைட் எரிஞ்சது. மாமா அதைப் பார்த்துட்டு, "டெஸ்ட் பண்ணலையா மாப்ள?" என்றார். "லைட் எரியுதே மாமா, போதும்" என்றேன். திரையைப் பார்த்தா அவருக்குக் கூச்சமா இருக்குமேன்னு லேப்டாப்பை வேற பக்கம் திருப்பி வெச்சேன். அவர் பேச ஆரம்பிச்சார்.

அன்னிக்குத்தான் அத்தையை முதன்முதலா பார்த்த கதையைச் சொன்னார். ஒரு கல்யாண வீட்டுல மணவறைக்குப் பக்கத்துல மைக் கட்டிட்டு இருந்தப்போ நடந்தது. நடுவுல ரெண்டு தடவை நிறுத்தி மூக்கை உறிஞ்சினார். அத்தை போய் ஆறு வருஷம் ஆச்சு. எங்க குடும்பத்துல யாருக்கும் இந்தக் கதை தெரியாது.

முடிச்சுட்டு ஓட்டிப் பார்த்தா ஒண்ணுமே இல்லை. அலையலையா வர வேண்டிய கோடு, ஸ்கேல் வெச்சுப் போட்ட மாதிரி நேரா ஒரு கோடு.

அப்புறம் நடந்ததைச் சொல்றதுக்கு முன்னாடி மாமாவோட ஒரு விதியைச் சொல்லிடறேன். நான் மைக்கைப் பிடுங்கி, சொருகி, பிடுங்கி, சொருகிக்கிட்டு இருந்ததைப் பார்த்துட்டு அவர் சொன்னது: "சத்தம் வரலைன்னா பதறக் கூடாது. வாயில கிளம்பின சத்தம் காதுக்கு வர்ற வழியில நடந்து போ. எங்க நின்னுருக்கோ அங்கதான் கோளாறு."

அப்படித்தான் நடந்து போனேன். போற வழியில நான் அங்கங்க படிச்சு வெச்சிருந்த மைக் சரித்திரமும் கூடவே வந்தது. அதுதான் இந்தப் பதிவு.

முதல் நிறுத்தம், மைக்கே. 1876-ல் கிரகாம் பெல் டெலிபோனைப் பேச வெச்சுட்டார். ஆனா அவர் விற்பனைக்குக் கொண்டு வந்த கருவியில சத்தம் ரொம்ப மெலிசு, தொண்டை கிழியக் கத்தணும். அடுத்த வருஷமே ரெண்டு பேர் இதுக்கு வழி கண்டுபிடிச்சாங்க. ஒருத்தர் எடிசன். இன்னொருத்தர் எமில் பெர்லினர், ஜெர்மனியிலேர்ந்து அமெரிக்கா போய் வாஷிங்டன்ல துணிக்கடையில வேலை பார்த்த ஆள். ரெண்டு பேரும் ரெண்டு வார இடைவெளியில 1877 ஏப்ரலில் காப்புரிமை அலுவலகத்துக்குப் போனாங்க. யார் முதல் என்கிற சண்டை வருஷக்கணக்கா கோர்ட்டில் நடந்தது தனிக்கதை.

யோசனை ரொம்ப எளிமையானது. ரெண்டு பொருள் லேசா ஒட்டியும் ஒட்டாமலும் தொட்டுக்கிட்டு இருக்கு, நடுவுல மின்சாரம் போகுது. குரல் வந்து அழுத்தினா தொடுகை நெருங்கும், மின்சாரம் கூடும். விட்டா குறையும். நாம 'லூஸ் கான்டாக்ட்'னு திட்டுறோமே, அதுதான்! மைக்கோட பூர்வீகமே லூஸ் கான்டாக்ட் தான். 1878-ல் லண்டனில் டேவிட் ஹியூஸ் என்பவர் மூணு ஆணியை வெச்சே இதைச் செஞ்சு காட்டினார். ரெண்டு ஆணியைப் பக்கத்துல பக்கத்துல வெச்சு, மூணாவதை மேல குறுக்கா போட்டார், அவ்வளவுதான். மைக்ரோஃபோன் என்ற பேர் நிலைச்சது அவரால. அதுக்கு அவர் காப்புரிமை வாங்கவே இல்லை, யார் வேணும்னாலும் செஞ்சுக்கட்டும்னு விட்டுட்டார். நல்ல மனுஷன்.

அதே வருஷம் இங்கிலாந்துல ஹென்றி ஹன்னிங்ஸ் என்கிற ஒரு பாதிரியார், ஒரே கரித்துண்டுக்குப் பதிலா கரித்தூளைப் போட்டு அடைச்சுப் பார்த்தார். சத்தம் பிரமாதமா கூடிடுச்சு. கூடவே ஒரு வியாதியும் வந்தது. தூள் நாளாவட்டத்துல அடியில படிஞ்சு கெட்டியாகிடும், சத்தம் மங்கிடும். 1890-ல் ஆன்டனி ஒயிட் என்பவர் அமைப்பையே மாத்தி இதைப் பெருமளவு சரி பண்ணினார். அப்படியும் மிச்சமிருந்த கோளாறுக்கு ஜனங்க கண்டுபிடிச்ச வைத்தியம் ஒண்ணு இருக்கு. ரிசீவரை எடுத்துக் கையில நாலு தட்டு தட்டுறது. பழைய கறுப்பு போனை ஆட்கள் தட்டித் தட்டிப் பேசினதை நீங்களும் பார்த்திருப்பீங்க. அது மூடநம்பிக்கை இல்லை. உள்ளே கெட்டியான கரித்தூளை உதிர்த்து விடுற வேலை.

இங்க ஒரு உபரித் தகவல். அந்த பெர்லினர் தான் 1887-ல் தட்டையான இசைத்தட்டு கிராமஃபோனையும் கொண்டு வந்தவர். மாமா கடையில மைக்கும் இருந்தது, இசைத்தட்டும் இருந்தது. ரெண்டுலயும் அந்தத் துணிக்கடை ஆளுக்குப் பங்கு உண்டு. இதைச் சொன்னப்போ மாமாவுக்கு அவ்வளவு சந்தோஷம்.

என் மைக்கை நானும் தட்டிப் பார்த்தேன், பழக்க தோஷம். பலன் இல்லை.

ரெண்டாவது நிறுத்தம், வயர். மாமா தொழில் பண்ணின காலத்து மைக் கரி மைக் இல்லை, டைனமிக் மைக். காந்தத்துக்கு நடுவுல ஒரு சின்னக் கம்பிச்சுருள், அது மெல்லிய தகட்டோட ஒட்டியிருக்கும். பேசினா சுருள் ஆடும், ஆடினா தானாவே துளி மின்சாரம் பிறக்கும். பேட்டரியே வேண்டாம். 1931-ல் வெண்டி, தூராஸ் என்ற ரெண்டு அமெரிக்கப் பொறியாளர்கள் இதை நல்ல நிலைக்குக் கொண்டு வந்தாங்க. கீழே போட்டாலும், மழையில நனைஞ்சாலும் தாக்குப் பிடிக்கிற சாதனம். "மைக் கெடாது மாப்ள, வயர்தான் கெடும். அதுவும் பின் கிட்டதான் அறும்" என்பது மாமாவோட அனுபவம். அறுந்தா எப்படித் தெரியும்னு கேட்டேன். "அதுவே சொல்லுமே. கொர்ர்ர்னு ஊரே கேட்கிற மாதிரி கத்தும்."

என்னோட யூ.எஸ்.பி. வயர் கத்தவே இல்லை. அதுக்குள்ள நாலு கம்பி. ரெண்டு மின்சாரத்துக்கு, ரெண்டு தகவலுக்கு. தகவல் கம்பி அறுந்து மின்சாரக் கம்பி மட்டும் நல்லா இருந்தா லைட் ஜம்முன்னு எரியும், சத்தம் மட்டும் போகாது. சார்ஜ் பண்றதுக்குன்னு மட்டும் விக்கிற சில கேபிள்ல அந்தத் தகவல் கம்பியே இருக்காது! லைட் எரியுறது மைக் வேலை செய்றதுக்குச் சாட்சி இல்லைன்னு எனக்கு உறைச்சது அங்கதான். வேற நல்ல கேபிள் மாத்தினேன். ஊஹூம்.

மூணாவது நிறுத்தம், மின்சாரம். இப்ப நாம வெச்சிருக்கிற மைக்குகளுக்கு மின்சாரம் வேணும். 1962-ல் பெல் ஆய்வகத்துல ஜெர்ஹார்ட் செஸ்லர், ஜேம்ஸ் வெஸ்ட் ரெண்டு பேரும், மின்னூட்டத்தை வருஷக்கணக்கா பிடிச்சு வெச்சுக்கிற ஒரு மெல்லிய பிளாஸ்டிக் படலத்தை வெச்சு 'எலெக்ட்ரெட்' மைக் செஞ்சாங்க. சின்னது, மலிவு, ஆனா சத்தம் தெளிவு. அப்புறம் வந்த டேப் ரெக்கார்டர், செல்போன், ஹெட்செட் எல்லாத்துலயும் கோடிக்கணக்கில் போய் உட்கார்ந்தது இதுதான். என் மைக்கும் அந்த வகை. உள்ளே இருக்கிற சின்னச் சுற்றுகளுக்கு யூ.எஸ்.பி. தர்ற 5 வோல்ட் போதும். ஒரே ஹப்புல நாலு சாமானைச் சொருகினா பங்கு பத்தாம மைக் படுத்துக்கும். ஹப்பைத் தூக்கிட்டு நேரா லேப்டாப்புல சொருகினேன். அப்பவும் மௌனம்தான்.

நாலாவது நிறுத்தம், கம்ப்யூட்டரோட வாசல். யூ.எஸ்.பி.யோட முதல் வடிவம் வந்தது 1996 ஜனவரியில். இன்டெல்ல அதுக்கு முன்னணியில நின்ன அஜய் பட் பரோடாவில் படிச்சவர். அதுக்கு முன்னாடி கீபோர்டுக்கு ஒரு வாசல், பிரிண்டருக்கு ஒரு வாசல், மைக்குக்கு ஒரு வாசல். எல்லாத்துக்கும் ஒரே வாசல்னு ஆக்கினது அந்தக் குழு. முதல்ல சொருகினா போகாது, திருப்பினா போகாது, மறுபடி திருப்பினா போகும் என்கிற அந்த மர்மத்தையும் அவங்கதான் குடுத்தாங்க :-)

சொருகினதும் உள்ளே ஒரு விசாரணை நடக்கும். "யாருப்பா நீ?" என்று கம்ப்யூட்டர் கேட்கும். "நான் மைக், இந்தக் கம்பெனி, எனக்கு இவ்வளவு மின்சாரம் வேணும்" என்று மைக் சொல்லும். ஒலிச் சாதனங்கள் எல்லாம் இந்தப் பேச்சை எப்படிப் பேசணும்னு 1998-லேயே பொது விதி வந்துடுச்சு. அதனாலதான் பெரும்பாலான மைக்குகளுக்குத் தனியா டிரைவர் தேவையில்லை. என் லேப்டாப்புல மைக் பேர் பட்டியலில் அழகா இருந்தது. அதையேதான் தேர்வும் பண்ணியிருந்தேன். வேற லேப்டாப்புல சொருகினேன். என்ன ஆச்சரியம், கணீர்னு பேசுது! அப்ப மைக் நல்லா இருக்கு, வயர் நல்லா இருக்கு. என் லேப்டாப்புக்குள்ளதான் எங்கயோ சத்தம் நிக்குது.

கடைசி நிறுத்தம் ஒரு பூட்டு. முந்தின ராத்திரி ஒரு அப்டேட் ஓடியிருந்தது. அதுக்கப்புறம் பார்த்தா, ரெக்கார்டு பண்ற மென்பொருளுக்கு மைக்கைக் கேட்கிற அனுமதி அணைஞ்சு கிடந்தது. கொடுமை என்னன்னா, அது "அனுமதி இல்லை"ன்னு சொல்லவே இல்லை. கேட்டப்பல்லாம் சத்தத்துக்குப் பதிலா வெறும் பூஜ்யமா அள்ளிக் குடுத்திருக்கு. மென்பொருளும் அதைச் சத்தம்னு நம்பி ஒன்றரை மணி நேரம் எழுதி வெச்சிருக்கு. ஸ்விட்சைத் தட்டினேன், வேலை முடிஞ்சது. ரெண்டு செகண்ட்.

இந்தப் பூட்டை நான் திட்ட மாட்டேன். 2018-ல் மேக், விண்டோஸ் ரெண்டுலயும் இது பலமாச்சு. அந்த வருஷம் வந்த மொஹாவேயில ஒவ்வொரு மென்பொருளும் மைக்குக்கு உங்க சம்மதம் கேட்கணும்னு ஆச்சு. விண்டோஸ் 10-இன் ஏப்ரல் அப்டேட்டுல சாதாரண டெஸ்க்டாப் மென்பொருளும் அந்தப் பூட்டுக்குள்ள வந்தது. காரணம் நியாயமானது. கறுப்பு போன் காலத்துல ரிசீவரை நீங்க எடுத்தாதான் அது கேட்கும். இப்ப மேசைமேல, பையில, படுக்கை பக்கத்துல எப்பவும் ஒரு காது திறந்திருக்கு. அதுக்குக் கதவு வேணும்தான்.

ஆனா வழி முழுக்க நடந்து முடிச்சதும் எனக்குத் தோணினது ஒண்ணு. கரி மைக் கெட்டா கொரகொரக்கும், கையால தட்டலாம். டைனமிக் மைக் வயர் அறுந்தா கத்தும், ஈயம் வெச்சு ஒட்டலாம். இந்த நூத்தம்பது வருஷத்துல மைக் நல்லா ஆக ஆக, அதோட கோளாறு கையிலேர்ந்து நழுவி உள்ளே உள்ளே போய் ஒளிஞ்சுக்கிச்சு. இன்னிக்கு அது கெட்டுப் போனதைச் சொல்றதுக்குக் கூட சத்தம் போடாது. பச்சை லைட்டோட சிரிச்சுக்கிட்டே இருக்கும்.

அதனாலதான் அந்த "ஹலோ மைக் டெஸ்டிங்" எனக்கு இப்ப வேற மாதிரி கேட்குது. சின்ன வயசுல அதைச் சொல்லிச் சிரிச்சவன்தான் நானும். கம்பத்து உச்சியில இருக்கிற குழாய் வரைக்கும் வழி முழுக்க ஒரு தடவை நடந்து பார்க்கிறதுக்கு மைக் செட்காரர் வெச்சிருந்த வழி அது. அதுக்கு ஈடா ஒரு லைட்டும் இன்னும் வரலை.

உங்க மைக் ஊமையானா, இந்த வரிசையில போங்க:

1. மைக்கிலேயே மியூட் பட்டன் இருக்கான்னு பாருங்க.
2. தகவல் கம்பி உள்ள வேற கேபிள் போடுங்க.
3. ஹப் வேண்டாம், நேரா சொருகுங்க.
4. வேற கம்ப்யூட்டர்ல சொருகிப் பாருங்க. அங்க பேசினா மைக் மேல பழி போடாதீங்க.
5. ஒலி உள்ளீட்டில் தேர்வாகி இருக்கிறது இந்த மைக்தானா, அளவு பூஜ்யத்துல இல்லையான்னு பாருங்க.
6. மைக் அனுமதியைப் பாருங்க, முக்கியமா அப்டேட் ஓடின மறுநாள்.
7. பத்து செகண்ட் பதிவு பண்ணி, ஓட்டி, காதால கேளுங்க. கண்ணால பார்க்கிறது கணக்கில்லை.

மறுநாள் சாயங்காலம் திரும்ப உட்கார்ந்தோம். நான் கேட்கிறதுக்கு முன்னாடியே மாமா மைக் பக்கம் குனிஞ்சு, தொண்டையைச் செருமிக்கிட்டு, பழைய கம்பீரத்தோட "ஹலோ... மைக் டெஸ்டிங்... ஒன்... டூ... த்ரீ..." என்றார். ஓட்டிக் கேட்டோம், கணீர்னு இருந்தது. அடுத்த நாலு நாள்ல அஞ்சு மணி நேரத்துக்கு மேல பேசினார். குழாய் கட்டினது, மழையில ஆம்ப்ளிஃபையர் நனைஞ்சது, கூட்டத்துல வாடகை தராம ஏமாத்தினது எல்லாம் வந்தது.

அத்தை கதையை மட்டும் சொல்லலை. ரெண்டு தடவை கேட்டேன். "அதான் அன்னிக்கே சொல்லிட்டேனே மாப்ள" என்றார். மூணாவது தடவை கேட்க எனக்கு வாய் வரலை. கதை எனக்குத் தெரியும், எழுதியும் வெச்சிருக்கேன். ஆனா நடுவுல ரெண்டு தடவை நிறுத்தினாரே, அதை எப்படி எழுதறது?

உங்க வீட்டுப் பெரியவங்க பேசத் தயாரா இருந்தா இந்த வாரமே உட்காருங்க மக்களே. ஆனா முதல்ல பத்து செகண்ட், ஒன் டூ த்ரீ சொல்லிட்டு.