நீரின் பெயரால் ஊர்கள்

மேற்கு ஆபிரிக்காவிலே காம்பியா என்றொரு சின்னஞ்சிறு நாடு உண்டு. ஒரே ஆற்றின் இரு கரைகளும் சேர்ந்ததுதான் அந்த நாடு. கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா மாவட்டங்கள் மூன்றையும் கூட்டினால் அதன் பரப்பில் ஏறத்தாழ அரைவாசி வரும். ஆனால் காம்பியாவுக்கு வாய்த்ததுபோல வற்றாத நதி எங்களுக்கு வாய்க்கவில்லை. கனகராயன் ஆறும் பாலியாறும் பறங்கியாறும் மாரியில் பெருகிக் கோடையில் மணலாய்க் கிடப்பவை. ஐப்பசியில் தொடங்கும் மழையை மறித்து வைத்தால்தான் சோறு. ஆகவேதான் குளங்கள்.

நான் தமிழ் படிப்பிப்பவன். எனக்கு ஊர்ப்பெயர்களே முதல் வரலாற்று ஏடு. வவுனியாவில் இருந்து கண்டி வீதியால் வடக்கே வாருங்கள், நேயர்களே. புளியங்குளம், கனகராயன்குளம், மாங்குளம். கிழக்கே திரும்பினால் நெடுங்கேணி, தண்ணீரூற்று, கற்சிலைமடு. வவுனியாவே பழைய பதிவுகளில் வவுனியன் விளாங்குளம். குளம், கேணி, ஊற்று, மடு, மோட்டை என்று நீர்நிலைக்கு இத்தனை சொல் வைத்திருந்தவர்கள் நீரை எவ்வளவு கணக்காய்ப் பார்த்திருக்க வேண்டும்!

கற்சிலைமடு என்றதும் பண்டாரவன்னியன் நினைவுக்கு வருவான். 1803 ஓகஸ்டில் முல்லைத்தீவுக் கோட்டையைப் பிடித்தவன், ஒக்ரோபர் 31இல் அங்கே வெள்ளையர் படையிடம் தோற்றான். இது எல்லாரும் படித்த கதை. அதன் பிறகு குடிகளுக்கு என்ன நடந்தது என்பதைத்தான் யாரும் கேட்பதில்லை.

குளக்கட்டு உடைந்தது. கட்டக் கையில்லை. உடைந்த குளத்தில் குட்டையாய்த் தேங்கிய நீரில் நுளம்பு பெருகிற்று. காய்ச்சல் வந்தது, சனம் குறைந்தது. சனம் குறையக் கட்டும் குளங்களும் குறைந்தன. வன்னியில் அதிகாரியாய் இருந்த ஜே. பி. லூயிஸ் 1895இல் வெளியிட்ட வன்னிக் கையேட்டில் இந்தத் தேய்வைப் பார்க்கலாம். யாழ்ப்பாணத்தார் வன்னிக்குப் பெண் கொடுக்கத் தயங்கியதற்குக் காட்டு யானையைவிடக் காய்ச்சலே பெரிய காரணம் என்பது என் எண்ணம்.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இரணைமடுவின் கட்டு எழுந்தது. 1930களில் குடியேற்றம் வந்தது. 1940களின் நடுவில் டிடிடி தெளித்தபின் காய்ச்சல் பின்வாங்கிற்று. 2016இலேதான் இலங்கை மலேரியா அற்ற நாடென்று உலக சுகாதார நிறுவனம் சான்று தந்தது. 1977 வன்செயலுக்குப் பின் மலையகத்தில் இருந்து வந்தவர்களும் இந்தக் காட்டை வெட்டித்தான் கமம் செய்தார்கள். அவர்களுடைய கதையை நாங்கள் இன்னும் ஒழுங்காக எழுதவில்லை.

2009இல் சனம் முழுவதுமாய் வெளியேறியது. மீண்டு வந்தபோது பெரிய குளங்களைத் திருத்தப் பணம் வந்தது. சின்னக் குளங்கள் பல பற்றையாய்க் கிடந்தன. இரணைமடுத் தண்ணீரை யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுபோகும் திட்டத்தைக் கமக்காரர் எதிர்த்ததில் எனக்கு வியப்பில்லை. சிறுபோகத்துக்கு எத்தனை ஏக்கர் என்று ஒவ்வோர் ஆண்டும் தண்ணீரை அளந்து பங்கு போடுகிறவர்கள் அவர்கள். அதே குளம் 2018 டிசம்பரில் வான் கதவுகள் திறந்தபோது கீழேயுள்ள ஊர்களை மூழ்கடித்தது.

சென்ற தவணையில் மாணவர்களிடம், உங்கள் ஊர்ப்பெயரில் உள்ள நீர்நிலை இப்போது எங்கே இருக்கிறது என்று எழுதிவரச் சொன்னேன். பலர் படம் கீறி வந்தார்கள். ஒருத்தி வெறுந்தாளோடு வந்தாள்.

“சேர், ஊர் இருக்குது. குளத்தைக் காணேல்லை. அம்மம்மாவிட்ட கேட்டனான், இப்ப பள்ளிக்கூட விளையாட்டிடம் இருக்கிற பள்ளந்தானாம்.”

அதையே எழுதித் தரச் சொன்னேன்.