பேபி சரோஜா: ஐந்து ஆண்டுகளில் முடிந்த ஒரு கலைவாழ்வு

தமிழ்ப் பேசும்படம் 1931 இல் பிறந்தது. அதன் முதற் பத்தாண்டின் நட்சத்திரங்கள் என்றதும் தியாகராஜ பாகவதரும் பி. யு. சின்னப்பாவும் பலருக்கு நினைவில் வருவர். அவர்களுக்குச் சற்றும் குறையாத புகழோடு அக்காலத்தில் வலம்வந்த ஒரு சிறுமியை இன்று அறிந்தவர் சிலரே. பேபி சரோஜா என்பது அவர் பெயர். 1937 இல் ‘பாலயோகினி’, 1939 இல் ‘தியாகபூமி’, 1941 இல் ‘காமதேனு’ ஆகிய மூன்று படங்களே அவரது புகழுக்கு ஆதாரம். ஐந்து ஆண்டுகளுக்குள் எல்லாம் தொடங்கி முடிந்துவிட்டன.

இயக்குநர் கே. சுப்பிரமணியத்தின் சகோதரர் விசுவநாதனின் மகள் சரோஜா. பரதக் கலைஞர் பத்மா சுப்பிரமணியம் இயக்குநரின் மகளாதலால், இருவரும் ஒரே குடும்பத்தவர். அன்று உலகமெங்கும் பேசப்பட்ட குழந்தை நட்சத்திரம் ஹொலிவூட்டின் ஷேர்லி டெம்பிள். 1935 முதல் 1938 வரை, தொடர்ந்து நான்கு ஆண்டுகள், அமெரிக்கத் திரையரங்குகளின் வசூலில் முதலிடம் வகித்தவர் அவர். ஆகவே நம்மவர் சரோஜாவை ‘இந்தியாவின் ஷேர்லி டெம்பிள்’ என்று அழைத்தனர். அக்காலத்திற் பிறந்த பெண்பிள்ளைகள் பலருக்குச் சரோஜா என்ற பெயர் சூட்டப்பட்டதற்கு இவரே காரணம் என்று திரைப்பட வரலாற்றை எழுதியோர் பலரும் குறிப்பிட்டிருக்கிறார்கள்.

ஆனால் ஷேர்லி டெம்பிளுக்கும் சரோஜாவுக்கும் ஒரு பெரிய வேறுபாடு உண்டு. முன்னவர், பொருளாதார நெருக்கடியில் துவண்டிருந்த மக்களைச் சிரிக்கவைத்தார். பின்னவரின் வாயிலாகச் சொல்லப்பட்டவையோ தமிழ்ச் சமூகத்தைச் சங்கடப்படுத்தியவை.

‘பாலயோகினி’யின் கதையை நினைவுகூர்வது பயனுடையது. ஒரு பிராமண விதவையும் அவளது குழந்தையும் தம்மை ஆதரித்து வந்த உறவினர் வீட்டிலிருந்து துரத்தப்படுகிறார்கள். அவர்களுக்கு அடைக்கலம் கொடுப்பவன், தாழ்ந்த சாதியினன் என்று ஒதுக்கப்பட்ட வேலைக்காரன் முனுசாமி. ஊர் கொதிக்கிறது. தாய் நோயுற்று இறந்தபின் முனுசாமியே பிள்ளையை வளர்க்கிறான்; ஆத்திரமடைந்த ஆசாரவாதிகள் அவனது வீட்டுக்குத் தீ வைக்கிறார்கள். அத்தனை பேரையும் எதிர்கொண்டு, சாதியின் பொருளின்மையை எடுத்துரைத்து மனம் மாற்றுபவள் அக்குழந்தை. அவ்வாதங்களைப் பேசியபோது சரோஜாவுக்கு வயது ஏறத்தாழ ஆறு. விதவையின் பாத்திரத்துக்கு உண்மையிலேயே கைம்பெண்ணான ஒரு பிராமணப் பெண்ணைச் சுப்பிரமணியம் நடிக்கவைத்தமை அன்று பெருஞ் சலசலப்பை ஏற்படுத்தியது.

இரண்டாண்டுகள் கழித்து வந்த ‘தியாகபூமி’, கல்கியின் கதை. ‘ஆனந்த விகடன்’ அதனைத் தொடர்கதையாக வெளியிட்டபோது, சித்திரங்களுக்குப் பதிலாகப் படத்தின் காட்சிகளே அச்சாயின. சம்பு சாஸ்திரியாகப் பாபநாசம் சிவன், அவர் மகள் சாவித்திரியாக எஸ். டி. சுப்புலட்சுமி, பேத்தி சாருவாகச் சரோஜா. கணவனாற் கைவிடப்பட்ட தாயின் குழந்தை, ஒதுக்கப்பட்ட மக்களின் குடியிருப்பில் பாட்டனாரிடம் வளர்கிறாள். காங்கிரஸ் மந்திரிசபை 1939 ஒக்டோபரிற் பதவி விலகியபின் சென்னை மாகாணம் ஆளுநரின் நேரடி ஆட்சிக்கு வந்தது. 1940 இல் படம் தடைசெய்யப்பட்டது. தடைச் செய்தி பரவியதும் சென்னை கெயிட்டி அரங்கில் அதனை இலவசமாகக் காட்டினார்கள். கூட்டத்தின்மீது பொலிசார் தடியடி நடத்தினார்கள்.

இந்த வரலாற்றை நெல்லியடியிலிருந்து பார்க்கும்போது எனக்கு ஒரு கேள்வி எழுகிறது. முனுசாமியின் வீட்டைக் கொளுத்தியவர்கள் திரையில் மட்டுமா இருந்தார்கள்? யாழ்ப்பாணத்துத் தேநீர்க் கடைகளில் ஒடுக்கப்பட்ட மக்களுக்கென்று வேறு பாத்திரம் வைத்திருந்த காலம் அது. கோயில் வாசல்களும் பொதுக் கிணறுகளும் அவர்களுக்கு மூடியே இருந்தன. எங்கள் வடமராட்சியும் இதற்கு விலக்கல்ல. இலங்கையில் சமூகக் குறைபாடுகள் தடைச்சட்டம் நிறைவேறியது 1957 இல். ‘பாலயோகினி’ வெளிவந்து இருபது ஆண்டுகளின் பின். அவ்வேளை பருத்தித்துறைத் தொகுதியின் பாராளுமன்ற உறுப்பினர், கம்யூனிஸ்ட் கட்சியைச் சேர்ந்த பொன். கந்தையா. சட்டம் வந்தும் கதவுகள் திறக்கவில்லை. 1966 ஒக்டோபர் 21 அன்று சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் நோக்கி ஊர்வலம் செல்லவேண்டியிருந்தது. 1968 இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலிற் போராடவேண்டியிருந்தது.

அந்த ஊர்வலத்தில் நடந்தவர்கள் கேட்டவற்றிற் பெரும்பகுதியை அந்தச் சிறுமி 1937 இலேயே திரையிற் கேட்டுவிட்டாள். பெரியவர்கள் கேட்டபோது பொல்லும் கல்லும் மறுமொழியாயின. குழந்தை கேட்டபோது கைதட்டினார்கள். குழந்தையின் சொல்லை மழலை என்று இரசித்துவிட்டு வீடு திரும்பிவிடலாம். அதற்குக் கட்டுப்படவேண்டிய அவசியம் எவருக்கும் இல்லை. மகளுக்குச் சரோஜா என்று பெயர் வைப்பது எளிது. முனுசாமியை வீட்டுக்குள் அழைத்து ஒரே பந்தியில் அமரவைப்பது அத்துணை எளிதன்று. சுப்பிரமணியத்தின் துணிவு பெரிது என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆயினும், ஒரு சமூகம் தான் செவிகொடுக்க விரும்பாத உண்மையைக் குழந்தையின் வாயாற் கேட்டு மகிழ்ந்தது என்பதை, அத்துணிவின் வெற்றியாகவும் அதன் எல்லையாகவும் நான் காண்கிறேன்.

அந்தச் சலுகைக்கு ஆயுளும் குறைவு. பத்து வயதை எட்டிய பெண் அதே வாதங்களைப் பேசினால் அது மழலை ஆகாது, வாயாடித்தனம் எனப்படும். சரோஜாவின் திரைவாழ்வும் ஏறத்தாழ அந்த வயதோடு நின்றது. ஷேர்லி டெம்பிள் 1950 இல் நடிப்பைவிட்டு, பின்னர் கானாவிலும் செக்கோஸ்லோவாக்கியாவிலும் அமெரிக்கத் தூதராகப் பணியாற்றினார். வளர்ந்த பின்னரும் அவரது குரலை உலகம் கேட்டது. நமது சரோஜாவோ ஏறத்தாழ எட்டுப் பத்தாண்டுகள் பொதுவாழ்வின் வெளிச்சத்துக்கு அப்பால் வாழ்ந்து, 2019 இற் காலமானார். அவர் இறந்தபோதும் ‘பேபி’ சரோஜாவாகவே அறியப்பட்டார்.

‘தியாகபூமி’யின் படச்சுருள் புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்திற் பாதுகாக்கப்பட்டது. அதனாற்றான் சாருவை இன்றும் பார்க்க முடிகிறது. வாய்ப்புள்ள வாசகர்கள் பார்க்கவேண்டும். பார்க்கும்போது, சிறுமியின் சுட்டித்தனத்தை இரசிப்பதோடு நின்றுவிடாமல், அவள் எந்தக் குடியிருப்பிலே, யார் நடுவிலே வளர்கிறாள் என்பதையும் கவனிக்கவேண்டும் என்பது என் வேண்டுகோள்.