மறைந்த கோட்டையை வாசித்தல்: ழான் தெலோஷின் ஆய்வுமுறையும் காரைக்காலும்

முன்னுரை

தமிழகக் கோட்டைகளின் வரலாறு பெரிதும் எஞ்சி நிற்கும் மதில்களைக் கொண்டே எழுதப்பட்டுள்ளது. இடிந்து மறைந்த கோட்டைகள் அதில் பெயரளவிலேயே இடம்பெறுகின்றன. காரைக்காலின் நிலையும் இதுவே. அதற்கு வடக்கே தரங்கம்பாடியில் டேனியர் 1620இல் கட்டத் தொடங்கிய டான்ஸ்போர்க் கோட்டை இன்றும் கடலோரத்தில் நிற்கிறது. காரைக்காலில் பிரெஞ்சுக்காரர் வைத்திருந்த கோட்டை அவ்வாறு நிற்கவில்லை. கோட்டைகளைத் தொல்லியல் நோக்கில் ஆராய்ந்து, முடிவுகளைப் பொதுவெளியில் வைத்த ழான் தெலோஷின் (1929–2019) ஆய்வுமுறை, இத்தகைய ஊர்களின் வரலாற்றை எழுத எவ்வாறு துணைபுரியும் என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

நிற்கும் கோட்டை: செஞ்சி

பிரெஞ்சுத் தூரகிழக்கு ஆய்வுப் பள்ளியைச் சார்ந்து புதுச்சேரியில் பணியாற்றிய தெலோஷ், இடைக்காலப் போக்குவரத்து, பாலங்கள் ஆகியவற்றை ஆராய்ந்த பின் கோட்டைகளின்பால் கவனம் செலுத்தினார். செஞ்சிக் கோட்டை நாயக்கர், பீஜப்பூர் சுல்தானியர் (1649), மராத்தியர் (1677), முகலாயர் (1698), பிரெஞ்சுக்காரர் (1750), ஆங்கிலேயர் (1761) எனப் பலர் கைக்கு மாறியது. எனவே அதன் மதில்களை ஒரே காலத்துக் கட்டுமானமாகக் கொள்ள இயலாது. மதிலின் கனம், கொத்தளத்தின் வடிவம், பீரங்கி மேடை, வாயிலை அடையும் வழியின் திருப்பங்கள் ஆகியவற்றை அவர் களத்தில் ஆராய்ந்தார். வெடிமருந்துப் போர்முறை பரவியபோது மதில்கள் எவ்வாறு மாற்றப்பட்டன என்பதைக் கட்டுமானத்தைக் கொண்டே அவர் விளக்கினார். மன்னர் வரிசையைக் கொண்டு கோட்டையை விளக்கும் வழக்கம், கோட்டையையே சான்றாகக் கொள்ளும் முறைக்கு இங்கு இடம் தந்தது.

மறைந்த கோட்டை: புதுச்சேரி

புதுச்சேரிக் கோட்டையை 1761இல் ஆங்கிலேயர் கைப்பற்றி இடித்தனர். களத்தில் மதில் இல்லாத நிலையில் தெலோஷ் பழைய வரைபடங்களை நாடினார். 1693 முதல் 1699 வரை அந்நகரைத் தம் வசம் வைத்திருந்த டச்சுக்காரரின் வரைபடங்களை ஆராய்ந்து, பிரெஞ்சுக்காரரின் படைப்பாகக் கருதப்பட்டுவந்த நேர்கோட்டுத் தெருவமைப்பு டச்சுக்காரர் வகுத்ததே என அவர் நிறுவினார். பிற்கால அரசின் பெயரில் வழங்கிய ஒரு நகரமைப்பு, வரைபடச் சான்றால் அதன் உரிய காலத்தில் வைக்கப்பட்டது.

காரைக்கால்

தஞ்சை மராத்திய மன்னர் சாகுஜியுடன் 1738இல் செய்துகொண்ட உடன்பாட்டின் வழி, 1739இல் காரைக்கால் பிரெஞ்சுக்காரர் வசமாயிற்று. அவ்வுடன்பாட்டில் கருக்களாச்சேரிக் கோட்டையும் அடங்கும். 1760 ஏப்ரலில் ஆங்கிலேயர் காரைக்காலை முற்றுகையிட்டுக் கைப்பற்றினர். பின்னர் அது பலமுறை கைமாறியது. 1814ஆம் ஆண்டுப் பாரிசு உடன்படிக்கை, இந்தியாவில் திரும்பப் பெறும் குடியேற்றங்களில் பிரான்சு கோட்டை எழுப்பக் கூடாது என்றும், காவலுக்குத் தேவையான படையை மட்டுமே வைக்கலாம் என்றும் வரையறுத்தது. 1817இல் மீண்டும் பிரெஞ்சுக்காரரிடம் வந்த காரைக்காலில் புதிய கோட்டை எழ வழியில்லாமல் போனது. இவ்வூரின் கோட்டையின்மை காலத்தின் சிதைவால் மட்டும் நேர்ந்ததன்று. அரசியல் ஒப்பந்தமும் அதில் பங்குகொண்டுள்ளது.

புதுச்சேரிக்குப் பயன்பட்ட முறை இங்கும் பொருந்தும். எனினும் ஓர் எச்சரிக்கை தேவை. 18ஆம் நூற்றாண்டுப் பொறியாளர்கள் கட்டியவற்றை மட்டுமன்றிக் கட்டக் கருதியவற்றையும் வரைந்தனர். ஆகவே வரைபடம் ஒன்றே சான்றாகாது. ஆனந்தரங்கப் பிள்ளையின் தமிழ் நாட்குறிப்பு, நில ஆவணங்கள், தெருக்களின் போக்கு, இடப்பெயர்கள் ஆகியவற்றோடு அதனை ஒப்பிட வேண்டும். ஐயம் எஞ்சும் இடத்தில் அகழாய்வே முடிவு கூறும்.

பொதுப்பகிர்வு

தெலோஷ் செஞ்சி பற்றிய தம் ஆய்வை 2005இலும், இந்தியக் கோட்டைகள் பற்றிய கட்டுரைகளை 2007இலும் ஆங்கில நூல்களாகப் புதுச்சேரியிலிருந்தே வெளியிட்டார். பிரெஞ்சு ஆவணக்காப்பகங்களில் இருந்த செய்திகள் இதனால் இந்திய ஆய்வாளர் கைக்கு எட்டின. அடுத்த படி, இவ்வறிவு அவ்வூர் மக்களின் மொழிக்கு வருவதாகும். மதில், அகழி, ஞாயில், கொத்தளம் எனக் கோட்டை உறுப்புகளுக்குத் தமிழில் பழஞ்சொற்கள் உள்ளன. வரைபடக் குறிப்புகளை இச்சொற்களால் பெயர்த்து ஊரின் இன்றைய நிலப்படத்தின்மேல் பொருத்திக் காட்டினால், காரைக்கால் மாணவர் தாம் நடக்கும் தெருவையே வரலாற்றுச் சான்றாக வாசிக்க இயலும்.

முடிவுரை

செஞ்சி 2025இல் மராத்தியப் படைக்கோட்டைகளுள் ஒன்றாக உலக மரபுப் பட்டியலில் இடம்பெற்றது. நிற்கும் கோட்டைக்கு அத்தகைய காப்புக் கிடைக்கிறது. மறைந்த கோட்டைக்கு ஆவணமும் அதனை வாசிக்கும் ஆய்வாளருமே காப்பு. காரைக்காலின் பழைய மனைகளில் புதிய கட்டடங்கள் எழுந்து அடித்தளச் சான்றுகள் அழியுமுன், வரைபட ஆய்வும் களஆய்வும் இணைந்து நிகழ வேண்டும் என்பதே தெலோஷின் ஆய்வுமுறை உணர்த்தும் பாடமாகும்.