சேய்மை என்றால் எங்கிருந்து சேய்மை?

பி.காம் படிக்கிறவனுக்கு எலும்பைப் பற்றி எழுத என்ன தகுதி என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். எனக்கு இருக்கும் ஒரே தகுதி, அந்த எலும்பு விஷயத்தில் நான் செய்த தப்பு :-)

போன ஜூலை மாதம். இங்கே லவ்டேலில் மழை விடாமல் பெய்துகொண்டிருந்த வாரம். எங்கள் வீட்டு வாசலில் இருந்து ரோட்டுக்கு இறங்கும் படிகளில் பாசி பிடித்துக் கிடந்தது. அம்மாயி வழுக்கி விழுந்துவிட்டார். விழும்போது இடது கையை ஊன்றியிருக்கிறார். மணிக்கட்டு பக்கம் வீங்கி, கையே ஒரு மாதிரி வளைந்து தெரிந்தது. ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனோம், எக்ஸ்ரே எடுத்தார்கள், மாவுக்கட்டு போட்டார்கள். கையில் ஒரு தாளைக் கொடுத்தார்கள். அதில் ஒரே ஒரு வரிதான் முக்கியம்: இடது ரேடியஸ் எலும்பின் 'டிஸ்டல்' முனையில் முறிவு.

அந்த வரியை யாரும் எங்களுக்கு விளக்கவில்லை. நாங்களும் கேட்கவில்லை. இன்சூரன்ஸ் படிவத்தை நிரப்பும் வேலை, வீட்டில் படித்தவன் என்ற முறையில் என் தலையில் விழுந்தது. மாமா பக்கத்தில் உட்கார்ந்து உதவி செய்தார். "டிஸ்டல்னா தூரம்னு அர்த்தம் மாப்ள. விரல்ல இருந்து தூரமா இருக்குற முனைன்னா முழங்கைதானே?" என்றார். எனக்கும் சரியென்றுதான் பட்டது. 'முழங்கை' என்று எழுதி அனுப்பிவிட்டேன். மருத்துவ அறிக்கையும் படிவமும் ஒத்துப்போகவில்லை என்று அது திரும்பி வந்தது. மாமா வெளியே வாங்கியிருந்த கடனுக்கு ஒரு மாத வட்டி கூடுதலாகப் போனது. வட்டிக் கணக்கு போடக் கல்லூரியில் கற்றுக்கொள்கிறேன், அதை இப்படியா பயிற்சி செய்ய வேண்டும்!

அதற்குப் பிறகுதான் இந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு போனேன். அது என்னை எங்கெங்கோ கூட்டிப் போனது.

சொல்லின் பொருள்

சித்தி மகள் பதினோராம் வகுப்பில் உயிரியல் எடுத்திருக்கிறாள். அவளுடைய விலங்கியல் புத்தகத்தில் சிறுநீரகப் படம் ஒன்றைக் காட்டினாள். அதில் சுருண்டு சுருண்டு ஓடும் குழலின் முதல் பகுதிக்கு 'அண்மை' என்றும், தள்ளி இருக்கும் பகுதிக்கு 'சேய்மை' என்றும் பெயர் போட்டிருந்தது. ஆங்கிலத்தில் ப்ராக்ஸிமல், டிஸ்டல். அண்மை என்றால் கிட்டே, சேய்மை என்றால் தூரத்தில். அப்படியானால் மாமா சொன்னது சரிதானே? சொல்லின் பொருள் சரிதான். எங்கிருந்து அளப்பது என்பதில்தான் கோட்டை விட்டோம்.

கை, கால் என்று வரும்போது, அவை உடம்போடு ஒட்டியிருக்கும் இடத்தில் இருந்துதான் அளக்க வேண்டும். கைக்குத் தோள், காலுக்கு இடுப்பு. தோளுக்குக் கிட்டே இருப்பது அண்மை, தள்ளி இருப்பது சேய்மை. ஆகவே ரேடியஸ் எலும்பின் சேய்மை முனை என்றால் மணிக்கட்டுப் பக்கம். முழங்கைப் பக்கம் இருப்பது அதன் அண்மை முனை. நாங்கள் விரலில் இருந்து அளந்ததால் தலைகீழாக எழுதிவிட்டோம்.

இன்னொன்றையும் கவனியுங்கள். இது எந்த உறுப்புக்கும் நிரந்தரமான பட்டம் அல்ல. முழங்கால் இடுப்போடு ஒப்பிட்டால் சேய்மை, கணுக்காலோடு ஒப்பிட்டால் அண்மை. அளக்கும் புள்ளியும் இடத்துக்கு இடம் மாறும். ரத்தக் குழாய்க்கு இதயத்தில் இருந்து, குடலுக்கு உணவு வரும் திசையில் இருந்து, சிறுநீரகக் குழலுக்கு வடிகட்டும் இடத்தில் இருந்து. பல் மருத்துவர் 'டிஸ்டல்' என்று சொன்னால், பல்வரிசையின் நடுவில் இருந்து தள்ளி, அதாவது கடைவாய்ப் பக்கம் என்று பொருள்.

மேல் எது, கீழ் எது?

இவ்வளவு சுற்றி வளைக்காமல் 'மேல் முனை', 'கீழ் முனை' என்று சொல்லிவிட்டுப் போகலாமே என்று எனக்கும் தோன்றியது. உங்கள் கையை இப்போது தலைக்கு மேலே தூக்குங்கள். மணிக்கட்டு மேலே போய்விட்டது, முழங்கை கீழே வந்துவிட்டது. இப்போது எது மேல் முனை?

மலையில் இருப்பவர்களுக்கு இந்தக் குழப்பம் பழக்கம்தான். மேட்டுப்பாளையத்தில் இருந்து ஊட்டிக்கு வரும் மலை ரயிலை 'மேலே போகும் வண்டி' என்கிறோம். ஆனால் அதே வண்டி லவ்டேலைத் தாண்டிய பிறகு ஊட்டிக்குக் கொஞ்சம் கீழேதான் இறங்குகிறது. மேல், கீழ் என்பதெல்லாம் நின்று பார்க்கும் இடத்தைப் பொறுத்தது.

மருத்துவர்கள் இதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார்கள். நோயாளி படுத்திருந்தாலும், குப்புறக் கிடந்தாலும், கையைத் தூக்கியிருந்தாலும், அவர் நேராக நிற்பதாகவே மனதில் வைத்துக்கொள்வது. கைகள் பக்கவாட்டில் தொங்கும், உள்ளங்கை முன்பக்கம் பார்க்கும், கட்டைவிரல் வெளிப்பக்கம் இருக்கும். உடலின் திசைச் சொற்கள் எல்லாம் இந்த நிலையை வைத்துத்தான். இடது, வலது கூட நோயாளியின் இடது வலதுதான், எதிரே நிற்கும் டாக்டருடையது அல்ல.

ஒரு எடின்பரோ வாத்தியார்

அண்மை, சேய்மை என்ற இந்த ஜோடி உடற்கூற்றியலில் ஆதிகாலம் முதல் இருந்தது என்று நினைத்திருந்தேன். இல்லை. ஸ்காட்லாந்தின் எடின்பரோ நகரில் உடற்கூறு கற்பித்த ஜான் பார்க்ளே என்பவர் 1803-ல் ஒரு புத்தகம் வெளியிட்டார். உடற்கூற்றியலுக்குப் புதிய பெயரிடும் முறை வேண்டும் என்பதுதான் அதன் நோக்கம். மேல், கீழ், முன், பின் போன்ற சொற்கள் உடம்பு அசைந்தால் பொருள் மாறுகின்றன. மனிதனுக்கு மேலே இருப்பது தலை, ஆனால் நான்கு கால் விலங்குக்கு மேலே இருப்பது முதுகு. மனிதனையும் விலங்கையும் ஒப்பிட்டுப் படிக்கிறவர்களுக்கு இது பெரிய தலைவலி. அதனால் வானத்தையும் தரையையும் விட்டுவிட்டு, உடம்பையே அளவுகோலாகக் கொண்ட சொற்களை அவர் முன்வைத்தார். கைகால்களுக்கு அவர் தந்தவற்றில் ப்ராக்ஸிமலும் டிஸ்டலும் உண்டு. முதல் சொல்லின் வேர், மிகக் கிட்டே என்று பொருள்படும் லத்தீன் சொல். இரண்டாவது, தூரம் என்று நமக்குத் தெரிந்த 'டிஸ்டன்ஸ்' என்பதன் உறவு. பார்க்ளே உருவாக்கிய வேறு பல சொற்கள் காணாமல் போய்விட்டன. இந்த இரண்டும் நின்றுவிட்டன.

இதில் ஒரு வேடிக்கை. அம்மாயிக்கு வந்த முறிவுக்கு 'காலிஸ் முறிவு' என்று ஒரு பெயர் உண்டு. கையை ஊன்றி விழும் வயதானவர்களுக்கு மிகச் சாதாரணமாக வருவது. டப்ளின் நகரத்து அறுவை மருத்துவர் ஆபிரகாம் காலிஸ் 1814-ல் இதை விவரித்து எழுதினார். ரான்ட்ஜென் எக்ஸ் கதிரைக் கண்டுபிடித்தது 1895-ல்தான். ஆக, எலும்பைப் படம் பிடித்துப் பார்க்க வழியே இல்லாத காலத்தில், கையால் தொட்டுப் பார்த்தே இந்த முறிவை அடையாளம் கண்டிருக்கிறார். பார்க்ளேயின் புத்தகம் வந்து பதினொரு வருடம் ஆகியும், காலிஸ் தன் கட்டுரைத் தலைப்பில் டிஸ்டல் என்று எழுதவில்லை. ரேடியஸின் 'மணிக்கட்டு முனை' என்ற பொருளில்தான் எழுதினார். அந்தத் தாளில் அப்படி ஒரு வார்த்தை இருந்திருந்தால் எங்கள் படிவம் திரும்பி வந்திருக்காது!

அதே 1895-ல் ஜெர்மன் உடற்கூற்றியலாளர்கள் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் ஒரு பொதுப் பெயர்ப்பட்டியலை ஏற்றுக்கொண்டார்கள். ஒரே உறுப்புக்கு ஊருக்கு ஒரு பெயர், ஆசிரியருக்கு ஒரு பெயர் என்று சுமார் 50,000 பெயர்கள் சேர்ந்து கிடந்தன. அவற்றை ஐயாயிரத்துச் சொச்சமாகக் குறைத்தார்கள். அந்த வழியில் வந்த இன்னொரு உலகப் பட்டியல் 1998-ல் வெளியானது. டாக்டர்களுக்குள் ஒரே மொழி அமைந்துவிட்டது. நோயாளிக்கு?

யாழ்ப்பாணத்தில் ஒரு முயற்சி

நோயாளியின் மொழியில் இதையெல்லாம் சொல்ல முடியும் என்று நம்பிய ஒருவர் தமிழ் மண்ணில் இருந்திருக்கிறார். அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தைச் சேர்ந்த சாமுவேல் ஃபிஸ்க் கிரீன். 1822-ல் பிறந்தவர், 1847-ல் மிஷன் மருத்துவராக யாழ்ப்பாணம் வந்தார். மானிப்பாயில் மருத்துவமும் பார்த்து, மருத்துவமும் கற்பித்தார். முதலில் ஆங்கிலத்தில் கற்பித்தவர், 1860-களில் தமிழுக்கு மாறினார். அதற்குப் புத்தகம் வேண்டுமே? தன் மாணவர்களோடு சேர்ந்து தமிழில் கொண்டுவந்தார். பிரசவ மருத்துவம், அறுவை மருத்துவம், உடலியங்கியல் என்று ஒரு வரிசையே வந்தது. லண்டனில் 1858-ல் வெளியான கிரேயின் புகழ்பெற்ற உடற்கூறு நூல், 1872-ல் 'மனுஷ அங்காதிபாதம்' என்ற பெயரில் தமிழில் வந்துவிட்டது. பதினான்கே வருடத்தில்!

அந்தத் தலைப்பைப் பார்த்ததும் எனக்குத் தமிழ் வகுப்பு நினைவுக்கு வந்தது. தலைமுடியில் தொடங்கிப் பாதம் வரை வர்ணிப்பது கேசாதிபாதம், பாதத்தில் தொடங்கி முடி வரை போவது பாதாதிகேசம் என்று படித்திருக்கிறோம் அல்லவா? உடம்பை எங்கே தொடங்கி எந்தத் திசையில் சொல்வது என்பதற்கு நம் புலவர்களும் ஒரு ஒழுங்கு வைத்திருந்தார்கள்.

1873-ல் ஊர் திரும்பிய பிறகும் கிரீன் தமிழ் நூல் வேலையை விடவில்லை. வேதியியல் நூல் 'கெமிஸ்தம்' 1875-ல் வந்தது. தமிழில் சொல் கிடைத்தால் தமிழ், இல்லாவிட்டால் வடமொழி, அதுவும் இல்லையென்றால் ஆங்கிலச் சொல்லையே தமிழ் எழுத்தில் எழுதுவது என்று போயிருக்கிறார் என்பது அந்தத் தலைப்புகளைப் பார்த்தாலே தெரிகிறது. 1884-ல் காலமானார். அவர் தொடங்கிய தமிழ்வழி மருத்துவக் கல்வி அதிக காலம் நீடிக்கவில்லை.

அம்மாயி சொன்ன 'உது'

எங்கள் அம்மாயி இலங்கை மலையகத்தில் பிறந்தவர். சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்துக்குப் பிறகு, 1970-களில் கப்பலேறி வந்து நீலகிரியில் குடியேறிய குடும்பம். கிரீன் கதையைச் சொன்னபோது "யாழ்ப்பாணமா?" என்று நிமிர்ந்து உட்கார்ந்தார். தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் அவருக்கு ஒரு யாழ்ப்பாணத்து வாத்தியார் இருந்தாராம். "நாம இது, அதுன்னு ரெண்டுதானே சொல்லுவோம்? அவரு உதுன்னு ஒண்ணு சொல்லுவாரு. 'உது என்ன கையில?'ன்னு கேப்பாரு. சிரிப்பு வரும்" என்றார்.

அம்மாயி சிரித்த அந்தச் சொல் மிகப் பழையது. அ, இ, உ மூன்றையும் சுட்டு என்று தொல்காப்பியம் கணக்கில் வைக்கிறது. இகரம் அண்மைச் சுட்டு, அகரம் சேய்மைச் சுட்டு. இரண்டுக்கும் நடுவில் நிற்கும் உகரம் இங்கே பேச்சில் போய்விட்டது, யாழ்ப்பாணத்தில் மிஞ்சியிருக்கிறது. எலும்புக்குச் சூட்டிய அண்மை, சேய்மை என்ற சொற்களை நாம் இலக்கண வகுப்பிலேயே படித்துவிட்டோம். 'அது' என்று சொன்னால், எங்கிருந்து தள்ளி இருக்கிறது என்று யாரும் கேட்பதில்லை. பேசுகிறவரிடம் இருந்துதான் என்று எல்லோருக்கும் தெரியும். மருத்துவத் தாளில் மட்டும் அந்தப் புள்ளியை யாரும் சொல்லித் தருவதில்லை.

எங்கள் பாடத்திலும் இதே கதைதான். வங்கியில் நாம் பணம் போட்டால் பாஸ்புக்கில் 'கிரெடிட்' என்று விழும். நம் கணக்குப் புத்தகத்தில் அதே பணத்தை 'டெபிட்' என்று எழுதுவோம். முதல் வருடத்தில் பாதி வகுப்புக்கு இது புரியாது. பாஸ்புக் என்பது வங்கி தன் பக்கம் நின்று எழுதும் கணக்கு, வங்கிக்கு நம் பணம் கடன் என்று ஒருவர் சொன்ன உடனே புரிந்துவிடும். யார் பக்கம் நின்று எழுதியது என்று தெரியாததுதான் சிக்கல்.

கடைசியாக

சேய்மை என்ற சொல் கடினமானது என்று நான் நினைக்கவில்லை. டிஸ்டல்கூடக் கடினமில்லை. 'தோளில் இருந்து அளக்க வேண்டும்' என்ற ஒரு வாக்கியம் சேர்ந்து வந்தால், மாமாவும் நானும் தப்பு செய்திருக்க மாட்டோம். டாக்டர்களுக்குள் அந்தச் சொல் அவசியம்தான், அதில் ஒருவருக்கொருவர் குழப்பமே வராது. ஆனால் அந்தத் தாள் கடைசியில் வந்து சேர்வது எங்களைப் போன்றவர்கள் கையில். நம் உடம்பைப் பற்றி எழுதியதை நாமே தப்பாகப் படிக்கும் நிலை இருக்கக்கூடாது என்றுதான் நினைக்கிறேன். அதனால், இனி இப்படி ஒரு தாள் கையில் வந்தால், அங்கேயே நின்று "எங்கிருந்து?" என்று கேளுங்கள். வெட்கப்பட ஒன்றுமில்லை. நான் கேட்காததற்குத்தான் வட்டி கட்டினோம்.

கட்டுப் பிரித்த அன்று அம்மாயியிடம் எல்லாவற்றையும் விளக்கப் பார்த்தேன். ரேடியஸ், தோள், அண்மை, சேய்மை என்று நீட்டி முழக்கினேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, வலது கை விரல்களை இடது மணிக்கட்டில், கட்டைவிரலுக்குக் கீழே வைத்துக் காட்டினார்.

"நாடி புடிக்கிற எடத்துல ஒடஞ்சிருச்சுன்னு சொல்லிட்டுப் போயேன்டா."

சரியாக அந்த இடம்தான்!